ராசாவுக்குக் காய்ச்சல்

மனித குலம் எழுதத் தொடங்கிய நாள் முதல் இன்றுவரை, தான் எழுதியதில் ஓர் எழுத்தைக்கூட அழிக்காத ஒரே ஆள் நான்தான். இதைப் பெருமைக்காகச் சொல்லவில்லை, பதிவுக்காகச் சொல்கிறேன். கல்வெட்டு வெட்டுவித்த மன்னர்கள்கூட உளி வழுக்கிய இடத்தில் சுண்ணாம்பு பூசியிருப்பார்கள். நான் பூசியதில்லை. கல்லூரியில் சேர்ந்த வருடம் தொடங்கி நான் முகநூலில் நடத்திவரும் 'உழுந்துவடை வர்த்தமானி' என்ற பக்கத்தில் எழுத்துப்பிழைகள்கூட அன்று பிறந்த கோலத்திலேயே இருக்கின்றன. வருங்கால ஆய்வாளர்கள் எனக்கு நன்றி சொல்வார்கள்.

இதை நான் துசியந்தி அக்காவுக்கு அறிவித்தபோது அவர் லண்டன் கோலியர்ஸ் வுட்டில், தையல்கடைக்கு மேலே உள்ள எங்கள் அலுவலகத்தில், ஒரு காகிதத்தை உற்றுப் பார்த்துக்கொண்டிருந்தார். துப்பறிவாளருக்கு அழகு என்று நான் வாங்கிக் கொடுத்த பூதக்கண்ணாடி, ஜன்னல் தானாக மூடாமல் இருக்க முட்டுக் கொடுத்துக்கொண்டிருந்தது.

"அழிக்காத ஆள் எண்டால் கழுவாத கோப்பையையும் சேர்த்துச் சொல்லும்," என்றார் அக்கா தலை நிமிராமல். "அந்தத் தேத்தண்ணிக் கோப்பையிலை இப்ப புல்லு முளைச்சிட்டுது."

கதவில் 'துசியந்தி விசாரணைச் சேவை' என்று எழுதியிருக்கிறது. இதுவரை நாங்கள் துப்புத் துலக்கியவற்றில் பெரும்பகுதி மாப்பிள்ளைமாரின் உண்மையான வயது. மிச்சம் மாப்பிள்ளைமாரின் உண்மையான மனைவிமார். அக்கா மூளை, நான் வாய். இரண்டுக்கும் ஒரே சம்பளம் இல்லை.

ஆனால் மேசையில் கிடந்த காகிதம் மாப்பிள்ளை சம்பந்தப்பட்டதல்ல. அதை ஸ்ட்ரெதத்திலிருந்து வந்த றஜீனா என்ற பெண் முதல்நாள் கொண்டுவந்து தந்திருந்தார். தரும்போது, வீட்டுப் போனுக்கு மட்டும் எடுக்கவேண்டாம் என்று இரண்டு தரம் சொன்னார். அப்பாவுக்கு இருதய ஒப்பரேசன் முடிந்து கொஞ்ச நாள்தான், அவருக்கு இன்னும் ஒன்றும் தெரியாது என்றார்.

நடந்தது இதுதான். றஜீனாவின் அண்ணன் ஜெஸ்ரின் மன்னாரிலிருந்து புறப்பட்டு, பாங்கொக்கில் அகதி அட்டையுடன், எந்த நாடாவது எடுக்காதா என்று வருடக்கணக்காகக் காத்திருப்பவர். மனைவி ஜெனோஜா. ஒரேயொரு பிள்ளை, இரண்டு வயது நிறையாத ஆண்குழந்தை. குழந்தைக்குக் காய்ச்சல் கடுமையானபோது ஜெஸ்ரின் முகநூலில் எழுதினார்: 'எங்கட ராசாவுக்கு மூண்டு நாளாக் காய்ச்சல். இனிப் பிழைக்கமாட்டார் எண்டு டொக்டர் சொல்லிப்போட்டார். எல்லாரும் செபியுங்கோ.'

அதை யாரோ ஒருவர், முகநூலில் இருக்கும் மொழிபெயர்ப்புப் பொத்தானை அமுக்கி, திரையைப் படமெடுத்திருந்தார். பொத்தான் சொன்ன ஆங்கிலத்தைத் தமிழில் திருப்பினால் இப்படி வரும்: எங்கள் மன்னர் மூன்று நாட்களாகக் காய்ச்சலில் இருக்கிறார். அவர் உயிர் தப்பமாட்டார் என்று மருத்துவர் அறிவித்துவிட்டார். அனைவரும் பிரார்த்தியுங்கள்.

படம் எப்படியோ பாங்கொக் பொலிஸுக்குப் போனது. அங்கே கணினிக் குற்றச் சட்டம் என்று ஒன்று இருக்கிறது. பொய்த் தகவலைக் கணினிக்குள் போட்டாலும் குற்றம், தெரிந்துகொண்டு அதை மற்றவருக்குத் தள்ளிவிட்டாலும் குற்றம், ஐந்து வருடம்வரை சிறை. மன்னர் சம்பந்தப்பட்டதென்றால் அதைவிடப் பெரிய சட்டம் ஒன்று பின்னால் நிற்கும். முறைப்பாட்டை யாரும் யார்மேலும் கொடுக்கலாம்.

ஜெஸ்ரின், ராசா என்றால் என் பிள்ளை என்று சொல்லியிருக்கிறார். பொலிஸ் ஒரு மொழிபெயர்ப்பாளரைக் கூப்பிட்டது. அவர் தமிழ்நாட்டுக்காரர், நேர்மையான மனிதர். நேர்மையாகவே சொன்னாராம், ராசா என்பது செல்லப்பெயராக இருக்கலாம், ஆனால் கைக்குழந்தையை யாரும் 'பிழைக்கமாட்டார்' என்று மரியாதை போட்டு எழுதுவதில்லை, 'பிழைக்கமாட்டான்' என்றுதான் எழுதுவார்கள் என்று. அவருக்கு எங்கள் ஆட்களின் வீட்டுத் தொட்டிலைத் தெரியாது. எங்கள் வீடுகளில் பேரப்பிள்ளைதான் 'எழும்பிட்டார்', 'குளிச்சிட்டார்', 'மேலெல்லாம் மூத்திரம் பெய்துபோட்டார்.' பேரன், அதாவது தாத்தாதான், 'வந்தான், போனான்.'

ஜெஸ்ரினைக் கொண்டுபோன அன்றே ஜெனோஜா பயத்தில் கணவனின் முகநூல் கணக்கை முழுதாக அழித்துவிட்டாள். குழந்தை அந்தக் கிழமையே இறந்துபோனது. தகப்பன் இல்லாமலே அடக்கம் நடந்தது. அங்கேயுள்ள தமிழ் அகதிகள் ஒரு முகநூல் குழு வைத்திருந்தார்கள். அதில் ஒருவர்கூட அனுதாபம் என்று ஒரு வரி எழுதவில்லை. எழுதினால் எந்த வரியில் எந்தச் சொல் குற்றமாகும் என்று யாருக்கும் தெரியவில்லை. இரண்டு நாளில் குழுவும் தன்னைத்தானே மூடிக்கொண்டது.

இனி ஜெஸ்ரினின் வழக்கறிஞர் கேட்பது ஒன்றுதான். அசல் தமிழ்ப் பதிவும், அதன் கீழே இருந்த கருத்துகளும் வேண்டும். அங்கே றஜீனா, பிள்ளை பால் குடித்ததா என்று கேட்டிருந்தார், ஜெஸ்ரினும் பதில் எழுதியிருந்தார். மன்னர் போத்திலில் பால் குடிப்பவர் என்று காட்டிவிட்டால் வழக்கு நிற்காது. திங்கட்கிழமை முடிவெடுப்பார்கள். வழக்குப் பதிந்தால் சிறை, அதோடு அவர்களை எடுக்க யோசிக்கிற நாடும் கோப்பை மூடிவிடும். அழித்த கணக்கைத் தோண்டித் தரும்படி கேட்டால் இந்தத் திங்கள் போய்ப் பல திங்கள் வந்துவிடும்.

ஆகவே அசலைப் பார்த்துப் படமெடுத்த ஆளைக் கண்டுபிடிக்கவேண்டும். காட்டிக்கொடுத்தவனிடமே மருந்தும் இருக்கிறது.

"இந்தப் படத்தைப் பார்த்து என்ன தெரியுது, சொல்லும் பாப்பம்," என்று அக்கா காகிதத்தை என் பக்கம் தள்ளினார்.

மேல் மூலையில் ஒரு தொலைபேசிச் சேவையின் பெயர் இருந்தது. இந்த நாட்டுக்கு வெளியே இல்லாத சேவை அது. எதிரி நம்மூரில் இருக்கிறான் என்று அறிவித்தேன். அடுத்தது, எழுத்துகள் தீப்பெட்டி அளவில் இருந்தன. ஒரு வரிக்கு மூன்று சொல்தான் கொள்ளுகிறது. எதிரி வன்மத்தோடு பெருப்பித்திருக்கிறான் என்றேன். அக்கா, எழுத்தைப் பெருப்பிக்க வன்மம் வேணுமோ என்று மட்டும் கேட்டார்.

எனக்குக் குற்றவாளி யாரென்று அப்போதே தெரிந்துவிட்டது. எங்கள் தெருவிலேயே மளிகைக்கடை வைத்திருக்கும் அம்பலவாணன். ஜெஸ்ரினின் முகநூல் நண்பர். வருடம் தவறாமல் தாய்லாந்துக்கு விடுமுறை போகிறவர். எல்லாவற்றுக்கும் மேலாக, அவர் கடை விளம்பரத்தில் போட்ட கருவாட்டுப் படத்தின் கீழே ஜெஸ்ரின் பாங்கொக்கில் இருந்துகொண்டு 'படத்திலேயே மணக்குது, மூக்கைப் பொத்துங்கோ' என்று எழுதியிருந்தார். அதன்பிறகு ஒரு கிழமை சண்டை நடந்தது. பழிவாங்க இதைவிடப் பெரிய காரணம் நம் சமூகத்தில் இல்லை.

அக்கா கோட்டை எடுத்து மாட்டிக்கொண்டார்.

அம்பலவாணன் அண்ணை கடை வாசலில் முருங்கைக்காயை நீளத்தின்படி அடுக்கிக்கொண்டிருந்தார். நான் என் குற்றச்சாட்டை நாகரிகமாகத்தான் முன்வைத்தேன். கருவாடு என்ற சொல்லை மட்டும் இரண்டு தரம் பாவித்திருக்கலாம். அவர் என்னைப் பார்க்கவேயில்லை. அக்காவைப் பார்த்து, கடைசி முருங்கைக்காயை வைத்துவிட்டு, போனை எடுத்துத் திறந்து நீட்டினார்.

அதே படம், வாட்ஸ்அப்பில். மேலே பலமுறை பகிரப்பட்டது என்ற குறி.

"கருவாட்டுச் சண்டை வேறை, பிள்ளை வேறை தங்கச்சி," என்றார். "நான் பிள்ளையாருக்குத் தேங்காய் நேர்ந்து வைச்சிருக்கிறன்."

இதில் மன்னர் என்றல்லவா எழுதியிருக்கிறது, பிள்ளை என்று உங்களுக்கு எப்படித் தெரியும் என்று மடக்கினேன். ஆங்கிலத்தை யார் வாசித்தது என்று அவர் கேட்டார். படத்தின் கீழே தமிழில் ஒரு வரி இருந்தது: 'ராசாவுக்காகச் செபிப்போம். பன்னிரண்டு பேருக்கு அனுப்பவும்.' அதை வாசித்திருக்கிறார், பன்னிரண்டு பேருக்கு அனுப்பியிருக்கிறார். ராசா என்றால் பிள்ளைதானே, வேறு யார் என்றார். பாங்கொக்கில் இருக்கும் தன் வியாபாரக் கூட்டாளிகள் இரண்டு பேரும் அந்தப் பன்னிரண்டில் அடக்கம் என்பதையும் தானாகவே சொன்னார். அவர்கள் இன்னும் எத்தனை பேருக்கு அனுப்பினார்களோ. அவர் அனுப்பாவிட்டாலும் எவரோ அனுப்பியிருப்பார். முறைப்பாடு கொடுத்தவர் அந்தச் சங்கிலியின் எந்த வளையம் என்று இனிக் கடவுளே துப்பறிந்தாலும் தெரியாது.

ஜெஸ்ரின் பொலிஸ் காவலில் என்பதை அக்கா சொன்னபோது அண்ணை முருங்கைக்காய்ப் பெட்டியின் விளிம்பில் உட்கார்ந்துவிட்டார். பிள்ளை போய்விட்டது என்பதைச் சொன்னபோது போனைக் கவிழ்த்து வைத்தார்.

"அப்ப ஏன் இண்டைக்குக் காலமையும் வந்தது?" என்றார். "ஒவ்வொரு நாளும் வருது தங்கச்சி. குட்மேய்ஸ் செபக்குழுவிலை இருந்து எண்டு எனக்கு அனுப்பிற பெடியன் சொன்னவன்."

அக்காவின் முகம் மாறியதைக் கண்டேன். மாப்பிள்ளையின் முதல் மனைவி கல்யாண மண்டபத்துக்குள் வந்த அன்றும் அந்த முகம் மாறவில்லை.

ஸ்ட்ரெதம் போகும் 57ஆம் பஸ்ஸில் மேல்தட்டில் உட்கார்ந்தோம். அக்கா கேள்வி கேட்டார், நான் தோற்றேன். பாங்கொக் பொலிஸுக்குக் காட்டிக்கொடுக்க நினைக்கிறவன் பதிவை எந்த மொழிக்கு மாற்றுவான்? தாய்லாந்து மொழிக்கு. இது ஏன் ஆங்கிலத்தில் இருக்கிறது? தமிழ் வாசிக்கத் தெரியாத, ஆனால் தனக்கு வேண்டிய ஆட்களுக்குக் காட்டுவதற்காக. எழுத்து ஏன் தீப்பெட்டி அளவு? கண் தெரியாததால். பிள்ளை செத்த பிறகும் ஏன் ஒவ்வொரு காலையும் செபம் கேட்கிறார்?

"செத்தது தெரியாது," என்றேன்.

"லண்டனிலை ஆருக்கு அது தெரியாது எண்டு றஜீனா சொன்னவ?"

நான் ஜன்னலுக்கு வெளியே பார்த்தேன். டூட்டிங்கில் ஆட்கள் வழக்கம்போல சிவப்பு விளக்கை மதிக்காமல் நடந்துகொண்டிருந்தார்கள்.

சோகத்தைத் தாங்கமுடியாதபோது கொள்கை பேசுவது என் வழக்கம். எல்லாவற்றுக்கும் மூலகாரணம் அந்த ஜெனோஜாதான் என்றேன். அழித்ததால்தானே அசல் போனது? பயந்தவர்கள் அழிப்பார்கள், சட்டம் வெல்லும். எழுதியவன் எழுதியதில் நிற்கவேண்டும். உதாரணத்துக்கு, நான் நேற்றே வர்த்தமானியில் ஓர் அறிவித்தல் விட்டிருக்கிறேன்: 'தாய்லாந்து அரசின் மேலான கவனத்துக்கு. எங்கள் வீட்டில் என்னையும் சேர்த்து மூன்று ராசாக்கள் உள்ளனர். ஒருவருக்கு மூக்கு வடிகிற தடிமன். ஒருவருக்கு வேலையில்லை. ஒருவர் டயபரில் ஆட்சி செய்கிறார்.' சிரிப்புக்குறிகள் மழையாகக் கொட்டுகின்றன.

"அதை எடுத்துவிடும்," என்றார் அக்கா.

முடியாது என்றேன். காரணங்களும் சொன்னேன். ஸ்ட்ரெதம் வரும்வரை சொன்னேன்.

இறங்கும்போது அவர் சொன்னார்: "நீர் 57இலை இருந்து வீரம் கதைக்கிறீர். அவள் வருத்தக்காரப் பிள்ளையைக் காய்ச்சலோடை மடியிலை வைச்சுக்கொண்டு அழிச்சவள்."

றஜீனா கதவைத் திறந்ததும் அக்கா அவரைச் சமையலறைக்குக் கூட்டிக்கொண்டுபோய் மெதுவாக விஷயத்தைச் சொன்னார். றஜீனா சேலைத் தலைப்பைத் தேடினார். அன்று அவர் அணிந்திருந்தது வேலைத்தல யூனிபோர்ம். கையாலேயே முகத்தைத் துடைத்துக்கொண்டு எங்களை முன்னறைக்கு அழைத்துப்போனார்.

றஜீனாவின் அப்பா சவிரிமுத்து ஐயா சாய்கதிரையில் இருந்தார். மார்பில் ஒப்பரேசன் தழும்பின் மேல்முனை, சட்டைக் கழுத்துக்குள்ளிருந்து எட்டிப் பார்த்தது. கையில் போன். அதிலிருந்த எழுத்துகளை வாசலில் நின்றே என்னால் வாசிக்க முடிந்தது.

குட்மேய்ஸில் மூத்த மகளோடு இருந்த காலத்துச் செபக்குழுவைப் பற்றி அக்கா கேட்டார். அவருக்குச் சந்தோஷம். தானாகவே காட்டினார். இரண்டு படங்கள் வைத்திருந்தார். ஒன்று தமிழில், கீழே கருத்துகளோடு. மற்றது ஆங்கிலத்தில்.

"இது பெரியாக்களுக்கு. இது பிள்ளையளுக்கு," என்றார். "குழுவிலை இங்க பிறந்த பிள்ளையள் இருக்கினம். தமிழ் வாசிக்கத் தெரியாது. அதுகளும் செபிக்கட்டும் எண்டு இந்தப் பொத்தானை அமத்தினனான். சின்னப் பிள்ளையளின்ரை செபம் கெதியாப் போகும்."

தமிழ்ப் படத்தின் அடியில் றஜீனாவின் வரி இருந்தது: 'ராசா பால் குடிச்சவரோ அண்ணா?' அதன்கீழ் ஜெஸ்ரின்: 'இல்லைத் தங்கச்சி. போத்திலைக் கண்டாலே முகத்தைத் திருப்பிறார்.'

அக்கா அதை இரண்டு தரம் வாசித்தார். நாங்கள் தேடிவந்தது அதுதான். அதைக் கண்டால் நான் என்ன சொல்லவேண்டும் என்று ஒரு பகிடி யோசித்து வைத்திருந்தேன். அது எனக்கு நினைவு வரவில்லை.

"ஏன் பிள்ளை, ஏதும் பிழையோ?" என்று கேட்டார் ஐயா.

"பிழையில்லை ஐயா. நல்ல வேலை செய்து வைச்சிருக்கிறியள்," என்றார் அக்கா.

பிறகு, இந்தப் போன் சில நாளைக்கு எங்களுக்கு வேண்டும் என்று கேட்டார். அதைவிட முக்கியமாக, அந்தப் படத்தை இனிமேல் குழுவுக்கு அனுப்பவேண்டாம் என்றும் கேட்டார். நாளைக் காலையும் அது போனால் வழக்குக்கு இன்னொரு பிரதி. ஆனால் காரணம் சொல்ல முடியாது. அவருடைய இருதயம் இருந்த நிலையில், மகன் காவலில் என்பதையோ, அந்தப் படம் எங்கே போய்ச் சேர்ந்தது என்பதையோ யாரும் சொல்லப்போவதில்லை.

ஐயா அக்காவைப் பார்த்தார். பிறகு மகளை. பிறகு, ஏனோ, என்னை.

"செபத்தை நிப்பாட்டச் சொன்னால் ஒண்டில் சுகம் வந்திருக்கவேணும், இல்லாட்டி..." என்றார். "சுகம் எண்டால் இந்தத் தம்பி இவ்வளவு நேரத்துக்கு ஒரு பகிடி விட்டிருப்பார். வாசலிலை வரேக்கையே அப்பிடி முகம்."

அன்று அந்த வீட்டில் இரண்டு தொழில்முறைத் துப்பறிவாளர்கள் இருந்தோம். துப்பைக் கண்டுபிடித்தது அவர்.

றஜீனா அவருடைய காலடியில் உட்கார்ந்து முழங்காலைப் பிடித்துக்கொண்டார். ஐயா அவருடைய தலையில் கையை வைத்தபடி, ஜெஸ்ரின் பக்கத்தில் இருந்தானோ என்று கேட்டார்.

"ஓம் ஐயா," என்றேன் நான். "மடியிலைதான் வைச்சிருந்தவர்."

அவர் தலையாட்டினார். பிறகு குழுவுக்குச் சொல்லவேண்டும் என்று போனை எடுத்தார். இத்தனை பேர் செபித்திருக்கிறார்கள், சொல்லாமல் விடுவது மரியாதையில்லை என்றார். ஒவ்வொரு எழுத்தாகத் தட்டினார். தீப்பெட்டி தீப்பெட்டியாக எழுத்துகள் வந்தன. எங்கட ராசா.

அக்கா குனிந்து அவருடைய கையைத் தொட்டார். "ஞானஸ்நானப் பேரைப் போட்டு எழுதுங்கோ ஐயா. ராசா எண்டு வேண்டாம்."

ஏன் என்று அவர் கேட்பார், அதற்கு என்ன சொல்வது என்று நான் அவசரமாகப் பொய் தேடினேன். அவர் கேட்கவில்லை.

"எழுதக் கூடாத சொல்லுகள் எங்கட ஊரிலையும் இருந்தது பிள்ளை," என்றார். பிறகு விரலை எடுக்காமல், "நான் அந்தப் பேரைச் சொல்லி அவரை ஒரு நாளும் கூப்பிடேல்லை," என்றார்.

அழிக்கும் பொத்தானைத் தேடிப் பிடித்து அமுக்கினார். சா போனது. ரா போனது. யூட் டிலக்சன் என்று எழுதினார். பெயர் சரியா என்று மகளிடம் கேட்டுத் திருத்திக்கொண்டார்.

முன்னறைக்கு வருமுன் சமையலறையில் இருந்தபோதே, அக்கா எழுதிக் கேட்டதற்குப் பாங்கொக்கிலிருந்து வழக்கறிஞரின் பதில் வந்துவிட்டது. படத்தை மட்டும் அனுப்பினால் போதாது, அந்தப் போனையே கொண்டுவந்தால் நல்லது. எங்கள் ஆட்கள் பிள்ளைகளை எப்படிக் கூப்பிடுவார்கள் என்று பொலிஸுக்குச் சொல்ல ஓர் ஆளும் வேண்டும். றஜீனா தகப்பனை விட்டுப் போக முடியாது. அக்காவின் கடவுச்சீட்டு விசா நீடிப்புக்காக உள்துறை அலுவலகத்தில் கிடக்கிறது. மிச்சம் இருந்தது நான். சனிக்கிழமைக்கு ரிக்கற் போட்டோம். கடைசி வரியில் வழக்கறிஞர் எழுதியிருந்தார்: வருகிறவர் தன் பக்கங்களை ஒருமுறை பார்த்துக்கொள்ளட்டும். வருகிறவரின் பேச்சால் ஜெஸ்ரினுக்குக் கேடு வரக்கூடாது.

திரும்பிவரும் 57இல் அக்கா ஜன்னலோரம் உட்கார்ந்து, நான் என்ன செய்கிறேன் என்று பார்க்காமலிருப்பதில் மிகுந்த கவனம் செலுத்தினார். ஐயாவின் போன் அவருடைய கைப்பையில் இருந்தது.

மூன்று ராசாக்களின் அறிவித்தல் முதலில் போனது. உறுதியாகவா என்று முகநூல் கேட்டது. அதுவும் என் ரசிகன்தான்.

பிறகு என் சொந்தப் பக்கத்துக்குப் போனேன். நான் எழுதியவற்றில் அல்ல, மற்றவர்கள் எழுதியவற்றில்தான் சிக்கல் என்று அப்போதுதான் தெரிந்தது. என் ஒவ்வொரு படத்தின் கீழேயும் அம்மா எழுதியிருந்தார். 'என்ர ராசா மெலிஞ்சுபோனார்.' 'ராசா சாப்பிட்டவரோ?' தாடியோடு நான் பட்டம் வாங்கும் படத்தின் கீழே, 'என்ர ராசாவை ஆரும் கண் வைக்காதையுங்கோ.' அந்தப் பொத்தானை ஒருமுறை அமுக்கிப் பார்த்தேன். எனது மன்னர் மெலிந்துவிட்டார் என்றது.

ஒவ்வொன்றாக அழித்தேன். டூட்டிங் வந்தது, போனது.

பாதியில் போன் அதிர்ந்தது. அம்மாதான். நேற்றுப் போட்ட படத்தின் கீழே, எல்லாரும் பார்க்க, புதிதாக ஒரு வரி. 'என்ர ராசா எத்தினை மணிக்கு வாறார்?'

வந்துகொண்டிருக்கிறன் அம்மா என்று தனியாக ஒரு செய்தி அனுப்பினேன். பிறகு அந்த வரியையும் அழித்தேன்.